தேய்ப்பு மேசையருகே நின்றவள்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் ஏதோ நடமாடிக்கொண்டிருக்கிறோம், நீ அங்கே உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருந்தால் அதுவே போதும். அப்பாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான், மாடி ஏறும்போது படிக்கு ஒரு திட்டு, யாரைத் திட்டுகிறார் என்று அவருக்கே தெரியாது.

ஆபீசில் எல்லோரும் சேர்ந்து சாப்பிடப் போகிறார்கள், உன்னை ஒரு வார்த்தை கூப்பிடுவதில்லை, நீ பேசுகிற விதத்தைக் கேட்டுச் சிரிக்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். படித்த அன்றைக்கே பதில் எழுதியிருப்பேன், அதற்குள் எங்கள் ஆஸ்பத்திரி லாண்டரியில் துணி உலர்த்தும் மெஷினில் தூசி அடைத்துப் புகை கிளம்பிவிட்டது. அலாரம் அடித்தது, அடித்துப் பிடித்துக்கொண்டு வாசலுக்கு ஓடினோம். சூப்பர்வைசர் பட்டியலை எடுத்துப் பதினோரு பெயர் வாசித்தார், எல்லாரும் இருக்காங்க என்று மடித்து வைத்துவிட்டார். காண்டிராக்டில் இருக்கிற எங்கள் ஆறு பேரின் பெயரும் அதில் இல்லை. ஏழு வருஷமாக அங்கே போர்வை மடிக்கிறேன், எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது, நாங்கல்லாம் மனுசங்க இல்லையா சார் என்று கத்தியேவிட்டேன். அதெல்லாம் உங்க காண்டிராக்டர் பாத்துக்கணும்மா என்றார். கத்திக்கொண்டே திரும்பி எங்கள் ஆட்களை எண்ணினால் என்னோடு சேர்த்து ஐந்துதான். தேய்ப்புக்காரி இல்லை. அவளுக்குக் காது கேட்காது என்று உனக்கு எழுதியிருக்கிறேனா, எழுதியிருக்க மாட்டேன்.

ஈரத்துண்டை மூக்கில் பொத்திக்கொண்டு உள்ளே ஓடினேன். புகை அவள் பக்கம் இன்னும் வரவில்லை, சுவரைப் பார்த்து நின்று தலையணை உறை தேய்த்துக்கொண்டிருந்தாள். தோளைத் தொட்டதும் தூக்கிவாரிப் போட்டது அவளுக்கு. வெளியே வந்ததும் எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தாள். அழவில்லை. நான்தான் தலையைக் குனிந்துகொண்டேன்.

மறுநாள் ஆறு பேரும் சூப்பர்வைசரிடம் போய் நின்றோம், பட்டியலில் பெயர் ஏறிவிட்டது, அலாரம் அடித்தால் எரிகிற மாதிரி அவள் மேசைக்குச் சிவப்பு விளக்கு கேட்டதற்கு மட்டும் பார்க்கலாம் என்கிறார்கள். இப்போது மதியம் அவளோடுதான் சாப்பாடு. கை ஜாடை சொல்லித் தருகிறாள், என் மரமண்டையில் ஏறத்தான் மாட்டேன் என்கிறது. எல்லோருக்கும் ஒரு ஜாடைப் பெயர் வைத்திருக்கிறாள், சூப்பர்வைசருக்கு மீசை முறுக்கு, வாட்ச்மேனுக்குக் கொட்டாவி. எனக்கு என்ன என்று கேட்டேன். கொஞ்சம் தயங்கிவிட்டுத் தன் முதுகைத் தொட்டுக் காட்டினாள். ஏழு வருஷமாக அவள் என்னிடம் பார்த்தது அதைத்தான்.

உனக்கு என்ன புத்தி சொல்வதென்று தெரியவில்லையடி, அலுப்பாக இருக்கிறது. சிரிக்கிறவர்களிடம் ஒரு தடவையாவது முகத்துக்கு நேரே சொல்லிவிடு. கூப்பிடவில்லை என்று பட்டினி கிடக்காதே. அக்காவுக்கு இந்த மாதமாவது போன் செய். நோய்நொடி அண்டாமல் நீ நிறைவாக இருக்க வேண்டும்.

உன் அம்மா