கால் பழகிவிட்டதாம்

அப்பா, எங்கள் பாதுகாப்புக் கயிற்றைக் கம்பெனிக்காரர்கள் திருடிவிட்டார்கள். வணக்கம் சொல்லாமல் ஆரம்பித்ததற்கு மன்னியுங்கள். உங்கள் முழங்கால் வலி தேவலையா? அம்மா வேளைக்குச் சாப்பிடுகிறாளா?

செங்குத்தான இந்தச் சரிவில் மின்கோபுரம் நிறுத்த வந்த புதிதில், பல்லி போலக் கயிற்றோடு ஒட்டிக்கிடந்தேன். இப்போது எந்தக் கல் உருளும் என்பது கண்ணுக்குத் தெரியும் முன்பே பாதத்துக்குத் தெரிந்துவிடுகிறது. கீழே பார்த்தாலும் அடி தவறுவதில்லை. வேடிக்கை என்னவென்றால், முந்தாநாள் சாப்பாட்டுக் கூடத்தின் சமதரையில் தட்டோடு விழுந்தேன். அடி ஒன்றுமில்லை.

"ஏண்டா, மலையில ஆடு மாதிரி ஏறுற, தரையில நடக்கத் தெரியலையா?" என்று வெல்டர் அண்ணன் சிரித்தார்.

சூப்பர்வைசர் சிரிக்கவில்லை. "கால் அவ்வளவு பழகிடுச்சா? அப்ப கயிறு எதுக்கு? கட்டி அவுக்கவே அரை நாள் போகுது" என்றார். நேற்றே கழற்றிவிட்டார்கள். கால் பழகும் அப்பா, மழை நனைத்த பாறை யாருக்குப் பழகும்?

உங்கள் பழைய பெல்ட்டை அனுப்புங்கள், இடுப்பு இளைத்துவிட்டது. கடையில் வாங்க வேண்டாம், உங்களுடையதே வேண்டும்.

மேலே ஏறச் சொல்லி விசில் ஊதுகிறார்கள். எங்கள் குழுவில் ஏழு பேரும் அடிவாரத்தில் உட்கார்ந்திருக்கிறோம். "கயிறு கட்டுங்க சார், அப்புறம் ஏறுறோம்" என்று மூன்று முறை கேட்டுவிட்டோம். சூப்பர்வைசர் மறுபடியும் விசிலைத்தான் ஊதுகிறார்.