லேபிள் எழுதிய கை

நேற்று விஜயநகரில், கார் சர்வீஸ் செய்யும் இடத்தில், ஒரு மெக்கானிக்கைக் கைத்தடியால் அடித்துவிட்டேன். மீசை நரைக்கத் தொடங்கிய ஆள். என் பழைய காரின் இன்ஜினில் கசடு கரைக்கும் ஃப்ளஷ் ஒரு டப்பா ஊற்றினான். மண்ணெண்ணெயும் வார்னிஷும் கலந்தாற்போன்ற அந்த வாடை ஏறியதுமே எனக்கு உடம்பு விறைத்துவிட்டது. அவனோ பானெட்டைச் சாத்திவிட்டு, ரோட்டில் ஒரு சுற்று ஓட்டிப் பார்த்து வருகிறேன் என்று சாவியைத் திருகப் போனான். ஜன்னல் வழியாக அவன் மணிக்கட்டில் ஒரு போடு போட்டேன். "ஏனம்மா, தலெ கெட்டிதெயா?" என்றான். தலை கெட்டுத்தான் போயிருந்தது. மன்னிப்புக் கேட்டுவிட்டு வந்தேன். வந்தவுடன் உங்களுக்கு எழுத உட்கார்ந்தேன்.

நீங்கள் போய் நாற்பது நாள் ஆகிறது.

ஹெப்பாளில் என் கணவர் தொடங்கிய சின்ன ஆலையில் நீங்கள் ஃபோர்மேன். அவர் மறைந்த பிறகு நான் நடத்தினேன். கலவை முழுவதும் உங்கள் பொறுப்பு. நம்மிடம் இரண்டே சரக்கு. ஒன்று, ஆயிலோடு சேர்ந்து இன்ஜினிலேயே தங்கித் தேய்மானத்தைக் குறைப்பது. மற்றது ஃப்ளஷ். அதைப் பழைய ஆயிலில் ஊற்றி, வண்டி நின்ற இடத்திலேயே இன்ஜினைப் பத்து நிமிஷம் ஓடவிட்டு, கசடோடு எல்லாவற்றையும் வடித்துவிட வேண்டும். வடிக்காமல் பாரத்தோடு ஓட்டினால் ஆயில் தண்ணீராக இளகி, பேரிங் பிடித்துக்கொண்டு இன்ஜினே இறுகிவிடும்.

புது லேபிள் அச்சுக்குப் போகும் முன் நீங்கள் ஒரு தாளோடு என் மேஜைக்கு வந்தீர்கள். அதில் உங்கள் கையெழுத்தில் கன்னடத்தில் இரண்டு வரி, தமிழில் இரண்டு வரி. உங்கள் ஊரான ஹனூர் பக்கத்து லாரிக்காரர்கள் நிறைய வாங்குகிறார்கள், எச்சரிக்கையை அவர்கள் படிக்கிற மாதிரி போடலாம் என்றீர்கள். அப்படிப் போட்டால் டப்பா லேகியம் மாதிரி இருக்கும் என்றேன் நான். என் ஆங்கிலத்தைக் கன்னியாஸ்திரீகள் பிரம்பால் அடித்துச் செதுக்கியிருந்தார்கள். நானே ஆங்கிலத்தில் எழுதிய அந்த லேபிளில் ஒரு காற்புள்ளிக்காக மூன்று முறை புரூஃப் திருப்பி அனுப்பியவள் நான்.

"இன்ஜினுக்கு இங்கிலீசு தெரியுமுங்க மேடம். டிரைவருக்குத்தான் தெரியாது," என்று சொல்லிவிட்டுத் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டீர்கள். நான் சிரிக்கவில்லை.

இரண்டு டப்பாவும் ஒரே சிவப்பு. ஹனூர்க்காரர் ஒருவருடைய லாரியை அவர் தம்பி ஓட்டினார். ஃப்ளஷ்ஷை மற்றதென்று நினைத்து ஊற்றி, செங்கல் பாரத்தோடு மாதேஸ்வரன் மலை ஏறினார். பாதி ஏற்றத்தில் இன்ஜின் இறுகி நின்றது. லாரி பின்னால் உருண்டு, பாறையில் மோதிக் கவிழ்ந்தது. தம்பியின் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள்.

மறுநாள் மதியம் அண்ணன்காரர் மூன்று ஆட்களோடு வந்தார். கையில் வீல் ஸ்பேனர். முதலில் கண்ணாடிக் கதவு போயிற்று. பிறகு அடுக்கியிருந்த டப்பாக்கள். தடுக்கப் போன காவல்காரரை ஒருவன் வயிற்றில் உதைத்துச் சுருட்டிப் போட்டான். நான் அறையிலிருந்து வெளியே வந்தேன். அண்ணன்காரர் ஒரு டப்பாவைத் தூக்கிக் காட்டி, "இத எழுதினது ஆருடா?" என்றார்.

நான் வாயைத் திறந்தேன். அதை நீங்கள் பார்த்தீர்கள். அதனால்தான் முந்திக்கொண்டீர்கள்.

"நானுங்க."

"நம்மூர்க்காரனா இருந்துக்கிட்டு இப்படிப் பண்ணிட்டியேடா. எழுதின கையை வைடா."

இரண்டு பேர் உங்கள் வலது கையைக் கலவைத் தொட்டியின் விளிம்பில் அழுத்திப் பிடித்தார்கள். ஸ்பேனர் மூன்று முறை இறங்கியது. முதல் அடியிலேயே எலும்பு முறிந்த சத்தம் கேட்டது. மற்ற இரண்டும் தேவையே இல்லாதவை. நீங்கள் கத்தவில்லை. என்னைப் பார்க்கவும் இல்லை. பள்ளியில் பேச்சுப் போட்டியில் கோப்பை வாங்கியவள், நாலடி தூரத்தில், குரல் நன்றாக இருந்தும், நின்றுகொண்டிருந்தேன். அவர்கள் போன பிறகு நம் ஆட்கள், ஆயில் சிந்தினால் போடுகிற மரத்தூளை உங்கள் ரத்தத்தின் மேல் போட்டுக் கூட்டி அள்ளினார்கள்.

ஆஸ்பத்திரிக்கு வந்த இன்ஸ்பெக்டரிடமும் லேபிளை எழுதியது நீங்கள்தான் என்றே சொன்னீர்கள். அவர் என் பக்கம் திரும்பினார். ஆமாம் என்று தலையசைத்தேன். அவர் போன பிறகு, ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். "இடது கையில எழுதப் பழகிக்கறேனுங்க. லேபிள் மட்டும் எழுத மாட்டேன்," என்றீர்கள். உங்கள் தமாஷ் அந்த ஸ்பேனரைவிடக் கனமாக இருந்தது. யார் உங்களைக் கேட்டார்கள்? அன்று எனக்கு வந்த கோபம் இன்னும் ஆறவில்லை. உங்கள் பையில் இருந்த தாளை வாங்கி, ஒரு எழுத்து மாற்றாமல் அடுத்த லேபிளில் அச்சடித்தேன். ஃபோர்மேன் செய்த பிழை திருத்தப்பட்டது என்று விற்பனையாளர்களுக்கு எழுதினேன். அந்தக் கடிதத்தில் பிழையே இல்லை, பொய்யைத் தவிர.

அதன் பிறகு ஹெப்பாளில் எந்த ஆலையும் உங்களை நம்பிக் கலவையைக் கொடுக்கவில்லை. என்னிடமே இருந்தீர்கள், ஆலையை மூடும் வரை. அந்தப் பேச்சை நீங்களும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

உங்கள் கருமாதிக்கு வந்தேன். பந்தியில் எதிர்வரிசையில் ஒரு கிழவர், கைத்தடியை மடிமேல் வைத்து உட்கார்ந்திருந்தார். குரலை வைத்துத்தான் அடையாளம் கண்டேன். பக்கத்தில் இருந்தவரிடம், செத்தவர் நல்ல மனுசன்தான், ஆனால் அவர் எழுதின தப்பால்தான் தம்பிக்குக் கால் போனது, அதற்காகத்தான் நான் அந்தக் கையை ஒடித்தேன் என்று சொல்லிக்கொண்டிருந்தார். உங்கள் மனைவி அவருக்குச் சோறு போட்டுக்கொண்டே, தலை குனிந்து, அதைக் கேட்டார். உங்கள் வீட்டில், உங்கள் படத்துக்கு முன்னால்.

எழுந்து நின்றேன். அந்த லேபிளை எழுதியது நான், கன்னடத்திலும் தமிழிலும் போடச் சொன்னவர் படத்தில் இருப்பவர், மறுத்தவள் நான் என்று கூடத்தில் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன்.

கிழவர் தடியை ஊன்றி எழுந்து என்னிடம் வந்தார். தடி தரையை விட்டுக் கிளம்பியது. நான் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டேன், உடையாமல் இருக்கட்டும் என்று.

"அப்ப அந்தக் கையை நான் எதுக்குங்க ஒடச்சேன்?" என்றார். தடி கீழே இறங்கிவிட்டது. "வயசான பொம்பள. போங்கம்மா."

உங்கள் மனைவி எனக்குப் போட்டிருந்த இலையைச் சோற்றோடு மடித்து எடுத்துப் போனார்.

வெளியே வந்து வெகுநேரம் கண்ணாடியைப் போட்டுக்கொள்ளவில்லை. இருபது வருஷமாக உங்கள் மேல் இருந்த அடி அன்று என்னிடம் வந்து சேரும் என்று நினைத்தேன். வரவில்லை. என் இரண்டு கைகளும் நன்றாக இருக்கின்றன. இந்த மடலை வலது கையால்தான் எழுதுகிறேன்.