கிளாடிஸ் என்றொரு புனிதை

2007 பெப்ரவரி 6, செவ்வாய்

கிளாடிஸின் அகதி விசாரணை இன்று பாதியில் நின்றது. மார்ச் 13க்கு ஒத்திவைப்பு. அவளுடைய வழக்கறிஞரிடம் வேலை செய்யும் சென்னைப் பெண் ஹர்ஷினி தொலைபேசியில் சொன்னாள்.

பிறப்புச் சான்றிதழில் கிளாடிஸ். ஞானஸ்நானச் சான்றிதழில் எலிசா. தாய் தகப்பன் பெயர்கள் ஒன்றுதான். ஆனால் விசாரித்தவர் கேட்டாராம்: இது இன்னொருத்தியின் தாள் இல்லை என்று எப்படி நம்புவது?

மாதப் பத்திரிகையில் ஆங்கிலப் பெயர்கள், வேல்ஸ் பெயர்கள் பற்றி நான் எழுதும் பத்தியை ஹர்ஷினி வாசிக்கிறாள். "மன்னார்ல இப்படி ரெண்டு பேரு வைப்பாங்கன்னு நீங்க ஒரு அஃபிடவிட் குடுங்க சார். போதும்."

நிராகரித்தால் கிளாடிஸ் திரும்பிப் போக வேண்டும். பதினாறு வயது மகள் பிரியந்தி மன்னாரில் சித்தியோடு இருக்கிறாள். அவளை இங்கே எடுப்பிக்கத்தான் தாய் முதலில் வந்தது.

பெப்ரவரி 11, ஞாயிறு

கத்தோலிக்கக் கோயிலில் பூசை முடிந்து கீழ் மண்டபத்தில் ட்ரெவரைப் பிடித்தேன். மன்னாரில் கிளாடிஸின் கோயில் பங்கைச் சேர்ந்தவர், அதே சுவாமியாரிடம் ஞானஸ்நானம் பெற்றவர். ட்ரெவர் வேல்ஸ் பெயர், 'பெரிய ஊர்' என்று பொருள், அப்படி ஒரு புனிதர் இல்லை என்றேன்.

"அதுதானே சுவாமி மறுத்தவர். ஞானஸ்நானத்துக்குப் புனிதர் பேர்தான் வேணும் எண்டவர். வீட்டிலை வைச்ச பேர் கச்சேரியிலை பிறப்புப் பதிவுக்கு. கோயில் புத்தகத்திலை வேறை."

"என்ன பெயர்?"

அக்கம்பக்கம் பார்த்தார். "நீக்கிலாப்பிள்ளை. மெல்லக் கதையுங்கோ அண்ணை, மனுசிக்கே தெரியாது."

இரண்டு சான்றிதழ்களின் படப்பிரதியும் வேண்டும் என்றேன்.

"பேப்பரிலை போடுவியளோ?"

"இல்லை."

"பெரிய ஊர் எண்டதைப் போடுங்கோ. மற்றதை விடுங்கோ."

சைவனான எனக்கு இதெல்லாம் கேட்டறிந்த விஷயம். அதனால் இரண்டு மடங்கு கவனம் வேண்டும்.

பெப்ரவரி 14, புதன்

பனிப்புயல். பஸ் இல்லை. ட்ரெவரோடு அதே பங்கைச் சேர்ந்த ஆறு பேரின் சான்றிதழ்கள் கையில் இருக்கின்றன. ஸ்டான்லி, ஷெர்லி — இரண்டும் இங்கிலாந்தின் இடப்பெயர்கள், புனிதர் இல்லை. பதிவேட்டில் ஆறு பேருக்கும் வேறு பெயர், ஒரே சுவாமியார். போதும் என்று மனம் சொல்கிறது. கிளாடிஸ் என்ற பெயரை மட்டும் இன்னும் பெயர் அகராதியில் பார்க்கவில்லை.

பெப்ரவரி 22, வியாழன்

டவுன்டவுன் பல்கலைக்கழக நூலகம். கிளாடிஸ்: வேல்ஸ் பெயர். சிலர் க்ளோடியா என்ற லத்தீன் பெயரின் திரிபு என்கிறார்கள். வேறு சிலர் 'நாடு' என்னும் வேல்ஸ் சொல்லோடு சேர்க்கிறார்கள். முடிவானதல்ல.

அடுத்த வரியை மூன்று முறை வாசித்தேன். ஏறக்குறைய ஆயிரத்தைந்நூறு வருடங்களுக்கு முன் தெற்கு வேல்ஸில் ஓர் அரசனின் மனைவி கிளாடிஸ், பின்னர் துறவி. புனிதை.

ஆக, சுவாமியார் பிழை விட்டிருக்கிறார். அப்படி ஒரு புனிதை இருந்திருக்கிறாள். மற்ற ஆறு பேருக்கும் பொருந்தும் விளக்கம் கிளாடிஸுக்கு மட்டும் பொருந்தவில்லை. புனிதர் பெயரென்றால் ஏன் மறுத்தார் என்று ஒரு கேள்வி வந்தால், வழக்கு முடிந்தது.

பெப்ரவரி 23, வெள்ளி

ஹர்ஷினி: "இந்தப் புனிதை விஷயத்த விட்டுடலாம் சார். யாரு போய்த் தேடப் போறாங்க?"

அஃபிடவிட்டில் ஒன்பதாவது பத்தியாக எழுதிவிட்டேன் என்றேன். அதை எடுத்தால் என் கையெழுத்து இல்லை.

"உங்க கையெழுத்து இல்லன்னா எங்ககிட்ட வேற ஒண்ணுமே இல்ல சார்."

பெப்ரவரி 25, ஞாயிறு

கோட்-டெ-நெய்ஜ் வட்டாரத்தில் கிளாடிஸின் அறை. ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை முடித்து வந்திருந்தாள். எல்லாவற்றையும் சொன்னேன். பெயருக்கு 'நாடு' என்றும் பொருள் சொல்கிறார்கள் என்றேன்.

"நாடோ? நல்ல பகிடி."

பிறகு சிரிக்கவில்லை. "அண்ணை, உள்ளதை எழுதுறது உங்களுக்குச் சரி. திருப்பி அனுப்பினால் போறது நான் எல்லோ?"

அஃபிடவிட்டை அப்படியே கொடுக்க அவள் வழக்கறிஞரிடம் சம்மதம் சொல்வாள். வேறு வழி நான் விடவில்லையே. அந்தப் புத்தகத்தை ஏன் திறந்தனான்? திறந்தாச்சு. தெரிஞ்சதைத் தெரியாத மாதிரிச் சத்தியம் பண்ணவோ? ஒரு பிள்ளையின்ரை தலையிலை ஏத்தி வைச்சுக்கொண்டு நான் என்ன நேர்மை கொண்டாடுறன்?

பத்தியை எடுக்கவில்லை.

மார்ச் 13, செவ்வாய்

விசாரித்தவர் சாட்சியான என்னைக் கேட்டார். முதல் கேள்வியே ஒன்பதாவது பத்திதான்.

"இது இவருக்குப் பாதகமானது என்று உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"பிறகேன் சேர்த்தீர்கள்?"

"புத்தகத்தில் இருக்கிறது."

கிளாடிஸின் பக்கம் திரும்பினார். புனிதையின் பெயரை ஒரு குருவானவர் ஏன் மறுத்தார்? மொழிபெயர்ப்பாளர் முடிக்கும் முன்பே அவள் தொடங்கிவிட்டாள்.

"சுவாமி மன்னாரிலை இருந்தவர் ஐயா. வேல்ஸிலை ஆர் புனிதை எண்டு அவருக்கு ஆர் சொன்னது? எனக்கே போன மாதந்தான் தெரியும்."

அவர் சிரிக்கவில்லை. நெடுநேரம் எழுதினார். முடிவு தபாலில் வரும்.

மெட்ரோவில் கிளாடிஸ் வேறு பெட்டியில் ஏறிக்கொண்டாள்.

ஏப்ரல் 30, திங்கள்

தபால் இல்லை. அவள் அழைக்கவுமில்லை.

ஜூன் 19, செவ்வாய்

ஏற்றுக்கொண்டார்கள்.

ஹர்ஷினி தீர்ப்பின் நாலாம் பக்கத்தை வாசித்துக் காட்டினாள்: சாட்சி, தான் யாருக்காக வந்தாரோ அவருக்கு எதிரானதையும் மறைக்காதவர் என்பதால், ஆறு பேரைப் பற்றி அவர் சொன்னதை நம்புவதாக. எனக்குப் பெருமை வரவில்லை. அதே பத்தியை வைத்து நிராகரித்தும் எழுதியிருக்கலாம்.

ஜூலை 28, சனி

கிளாடிஸ் அழைத்தாள், நாலு மாதத்துக்குப் பிறகு. பிரியந்தியை எடுப்பிக்கும் படிவம் நிரப்ப வேண்டுமாம்.

போனேன். தேத்தண்ணி தந்தாள். "நீங்கள் வெண்டிட்டியள் எண்டு நினையாதேங்கோ அண்ணை. அந்த மூண்டு மாதமும் நான் நித்திரை கொள்ளேல்லை."

"எனக்குத் தெரியும்," என்றேன். தெரியுமா?

இரண்டாம் பக்கத்தில் 'வேறு பெயர்கள்' என்றொரு கட்டம். பேனாவை நிறுத்தினேன். நான் கேட்கவில்லை. அவளே எழுந்து போய்ப் பிரியந்தியின் இரண்டு சான்றிதழ்களையும் கொண்டுவந்து மேசையில் பக்கம் பக்கமாக வைத்தாள்.

"பாருங்கோ. பாத்திட்டு எழுதுங்கோ."

பார்த்தேன். பிரியந்தி. பிரியந்தி. ஞானஸ்நானத் தாளில் வேறொரு சுவாமியாரின் கையெழுத்து. வேறு பெயர் இல்லை என்று கட்டத்தில் கோடு போட்டேன்.