உறையில் இருந்த பொடி எழுத்து

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

இது நானே எழுதியது. ஒரு வரிக்குக் கால் மணி நேரம் ஆனாலும் ஆனந்தமாக இருக்கிறது.

பேத்திக்காக முட்டையோடு குடைமிளகாயும் கீரையும் சேர்த்துக் கனமான ஆம்லெட்டாகச் சுட்டு அனுப்பியிருக்கிறேன். அதில் போட எடுத்த ஒவ்வொரு பொருளின் உறையையும் எழுத்துக்கூட்டிப் படித்தேன். "பரீட்சைக்கா படிக்கிறீங்க? சட்டி கருகுது" என்றாள் உங்கள் அத்தை. மசாலாத்தூள் உறையின் மூலையில் 'நிலக்கடலை கலந்திருக்கலாம்' என்று பொடி எழுத்தில் இருந்தது. அதை எறிந்துவிட்டு உப்பும் மிளகும் மட்டும் போட்டேன்.

அன்று நான் வாங்கிக் கொடுத்த பிஸ்கட்டைத் தின்று, கடலை ஒத்துக்கொள்ளாத பேத்தி ஆஸ்பத்திரியில் மூச்சுக்குத் திணறியபோது, "உறையிலேயே கடலைன்னு போட்டிருக்கே, படிக்கலையா மாமா?" என்று கேட்டீர்கள். மறந்துவிட்டேன் என்றேன். அது பொய். அப்போது எனக்குப் படிக்கத் தெரியாது.

ஐந்து மாதமாக அவளை நீங்கள் அனுப்பாதது நியாயம்தான். இதை அவளுக்குக் கொடுக்க மனம் வராவிட்டால் நீங்களே சாப்பிடுங்கள். ஒரு மணி நேரமாவது அவளைக் கூட்டிக்கொண்டு வாருங்கள். நீங்களும் பக்கத்திலேயே உட்கார்ந்திருங்கள்.

உங்கள் மாமா