தகரக் குவளையில் பட்ட வாய்

அண்ணை,

இன்று காலை பரமட்டா ரயில் ஸ்டேஷனில் யாரோ பினாயில் ஊற்றித் தரையைக் கழுவிக்கொண்டிருந்தார்கள். அந்த நெடி மூக்கில் ஏறியதும் நின்றுவிட்டேன். எழுபதுகளில் நாம் இருந்த சிட்னிச் சிறை முற்றத்திலும் அதே நெடிதான்.

வேலை பார்த்த கப்பலை விட்டு இறங்கித் திரும்பிப் போகாததற்காக என்னை அங்கே அடைத்திருந்தார்கள். கறுப்பரும் வெள்ளையரும் தனித்தனி என்ற விதி ஒழிந்துவிட்டது, விரும்பிய இடத்தில் இரு என்று சொல்லிவிட்டுக் காவலர் கதவைப் பூட்டினார். விதி மட்டும்தான் ஒழிந்திருந்தது. வெயில் விழும் சுவரோரம் வெள்ளையர்கள். தண்ணீர்க் குழாயடியில், இந்த மண்ணின் பழங்குடிகளான உங்கள் ஆட்கள். எந்தப் பக்கம் போனாலும் உதை விழும் என்று நான் நடுவில் நின்றேன்.

நீங்கள்தான் கையசைத்துக் கூப்பிட்டீர்கள். எல்லோரும் மாறி மாறிக் குடித்த தகரக் குவளையை, "குடி, பிரதர்" என்று நீட்டினீர்கள். யாழ்ப்பாணத்துப் பழக்கம் என்னை விடுமா? பலர் குடிக்கும் பாத்திரத்தில் வாய் வைத்தால் எச்சில். ஆறிய தேத்தண்ணியை அண்ணாந்து தொண்டைக்குள் ஊற்றினேன். அதை மரியாதை என்றே நினைத்தேன்.

குழாயடியில் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். சுவரோரம் வெள்ளையன் ஒருவன் கை தட்டிச் சிரித்தான். அவர்கள் பேசிய ஆங்கிலம் இப்போது என் பேச்சில்தான் நினைவுக்கு வருகிறது. "பாத்தியளோ, இவனுக்கே அவங்கடை வாய் அருவருப்பு. இஞ்சாலை, எங்கடை பக்கம் வா." உங்கள் ஆட்கள் எழும்பினார்கள். வெள்ளையர்களும் எழும்பினார்கள். இன்றோடு நான் முடிந்தேன் என்று நினைத்தேன்.

நீங்கள் மட்டும் எழும்பவில்லை. "என்ரை வாய் ஊத்தையோ?" என்று மெதுவாகக் கேட்டீர்கள்.

"இல்லை அண்ணை, எங்கடை ஊரிலை இப்பிடித்தான் குடிக்கிறது."

எந்த மொழியில் உளறினேனோ தெரியாது. குவளையில் வாயை வைத்தேன். பல் தகரத்தில் மோதிச் சத்தம் போட்டது. மிச்சத்தைக் குடித்து முடித்தேன். நீங்கள் நகர்ந்து இடம் விட்டீர்கள். என் முழங்கால் நடுங்குவதைப் பார்த்து, "பயப்பிடு, அதிலை ஒண்டுமில்லை. நானும் பயத்தோடைதான் இருக்கிறன். எழும்பி மட்டும் போகாதை" என்றீர்கள். நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள்.

பிறகு எனக்கு இந்த நாட்டில் இருக்க அனுமதி கிடைத்தது. நீங்கள் வேறொரு சிறையில் இறந்துபோனதாகக் கேள்விப்பட்டேன். எதனால் என்று ஒருவரும் சொல்லவில்லை.

இன்று ரயிலில் முக்காடு போட்ட ஒரு பெண்ணைச் சுற்றி நின்று, உன் நாட்டுக்குப் போ என்று சில இளைஞர்கள் கத்தினார்கள். மற்றவர்கள் அடுத்த பெட்டிக்குப் போய்விட்டார்கள். அவளுக்குப் பக்கத்து இருக்கை காலியாகக் கிடந்தது. போய் அதில் உட்கார்ந்தேன். ஒருவன் என் முகத்துக்கு நேரே குனிந்தான். முழங்கால் இரண்டும் ஒன்றோடொன்று அடித்துக்கொண்டன.

ரெட்ஃபெர்ன் ஸ்டேஷன் வரைக்கும் நான் எழும்பவில்லை, அண்ணை.