விளக்கு இறக்காத தொட்டி

அன்புள்ள தங்கச்சிக்கு,

அண்ணன் எழுதுவது. நீயும் பாப்பாவும் உன் அம்மா வீட்டில் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். பாப்பாவுக்குச் சளி விட்டதா? எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. சாப்பிடுகிறேன், வேலைக்குப் போகிறேன், வருகிறேன்.

பீர் ஆலையில் புது டாங்கிகள் ஓடத் தொடங்கிவிட்டன. எல்லாம் எஃகு, மூன்று மாடி உயரம். பார்லிச் சாறு உள்ளே போனால் பீராக வெளியே வரும்வரை மூடியைத் திறப்பதே இல்லை. என்னைக் கண்ணாடி அறைக்கு மாற்றிவிட்டார்கள். நாற்காலி, ஏசி, ஒரு திரை. நம் ஆட்கள் டாங்கிக்கு 'மாப்பிள்ளை' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். யாரும் கை வைக்கக் கூடாதாம், தானே குளித்துக்கொள்ளுமாம். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன் என்று நினைக்கிறேன்.

பொத்தானை அழுத்தினால் உள்ளே வெந்நீர் பீய்ச்சுகிறது. நாற்பது நிமிடத்தில் சுத்தம். தம்பி நம்மை விட்டுப் போன இருபத்தாறாம் நாள், முதல் டாங்கியை நான்தான் கழுவினேன்.

பழைய தொட்டிகளை நீ பார்த்ததில்லை. ஆள் ஏணியில் இறங்கி, அடியில் ஒட்டிய ஈஸ்ட் வண்டலைத் தேய்க்க வேண்டும். புளிக்கும்போது வரும் வாயு அடியில் தங்கிவிடும், கண்ணுக்குத் தெரியாது. அதனால் முதலில் கயிற்றில் விளக்கை இறக்குவோம். அணைந்தால் யாரும் இறங்கக் கூடாது. அதைப் பார்க்க வேண்டியது மேஸ்திரி. அதாவது நான்.

அன்றைக்கு நான் பார்க்கவில்லை. புது டாங்கி பொருத்த வந்த இஞ்சினியர்கள் பின்னால் ஓடிக்கொண்டிருந்தேன். "வெளக்கு எறக்கிப் பாத்தாச்சாண்ணே?" என்று தம்பி கேட்டான். திரும்பிக்கூடப் பார்க்காமல், "ஆச்சு, எறங்கு" என்றேன்.

அவன் அனுமதி இல்லாமல் இறங்கினான் என்று ஆலை உனக்குக் கடிதம் போட்டிருக்கும். அது பொய். அதை எழுதும்போது நானும் அந்த அறையில்தான் இருந்தேன். வாயைத் திறக்கவில்லை. நேற்று விசாரணை அதிகாரியிடம் நடந்ததை அப்படியே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டேன். என்னை என்ன செய்வார்களோ, தெரியவில்லை. பயமும் இல்லை. அழுகைகூட வரவில்லை தங்கச்சி.

இனி என்னை அண்ணன் என்று கூப்பிடுவதும் விடுவதும் உன் இஷ்டம். பாப்பா வளர்ந்து கேட்டால், அவள் அப்பா சொல்லாமல் கொள்ளாமல் இறங்கினவர் இல்லை, கேட்டுவிட்டுத்தான் இறங்கினார் என்று மட்டும் சொல். நீங்கள் இருவரும் நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உன் கணவனின் அண்ணன்.