கடலில் இருந்தோருக்குச் சேதமில்லை

வெள்ளி 8

கச்சான் காற்று. காலையிலேயே உதடு வெடிப்பு. சைக்கிள் பின்சில்லுக்குக் காற்றடித்தேன்.

சீனக்குடாவில் நாளைய விமானக் காட்சிக்கு ஒத்திகை. ஜெட் மூன்று. விமானப்படை முகாம் வாசலில் நிருபர்களுக்குப் பெயர்ப் பதிவு, பால் தேநீர், இரண்டு பிஸ்கற்.

விமானி ஒருவருடன் கதைத்தேன். வயது இருபத்தாறு. கண்டிப் பக்கம். தமிழ் கொஞ்சம் வரும். "நல்ல செவ்விளநீர் எங்கே?" என்று கேட்டார். உப்புவெளி என்றேன். காட்சி முடிந்ததும் போவதாகச் சொன்னார். பெயரை எழுத்துக் கூட்டி வாங்கிக்கொண்டேன்.

வாங்க வேண்டியவை: மை, சவர அலகு, மனைவி கமலத்துக்கு இருமல் மருந்து.

சனி 9

விமானி இறந்துவிட்டார். நேற்றுக் கதைத்தவர்தான்.

ஒழுங்காக எழுதி வைக்கிறேன். ஒன்பது மணிக்கே கரை நிறையச் சனம். கிண்ணியா, மூதூர், பட்டணம். மூன்றாவது ஜெட் குடாவுக்கு மேலே தாழ வந்தது. திரும்பியது. எழும்பவில்லை. தண்ணீர் முதலில், சத்தம் பிறகு. சிலர் கைதட்டினார்கள், காட்சியில் ஒரு பகுதி என்று. பக்கத்துக் கைகள் நின்றதும் அவர்களும் நிறுத்தினார்கள். ஐஸ்பழக்காரர் மட்டும் மணியை ஆட்டிக்கொண்டே இருந்தார்.

இரண்டு மணிக்கு முகாம் அதிகாரி அறிக்கை வாசித்தார். விமானியைத் தவிர உயிரிழப்பு இல்லை. கடலில் இருந்தோருக்கும் படகுகளுக்கும் சேதமில்லை.

தபாற்கந்தோரில் தந்தி எழுத்தர்: "ஐயா, குறையுங்கோ. லைன் எப்ப விழுமெண்டு தெரியாது." குறைத்தேன். காற்று, சனம், ஐஸ்பழக்காரர். "என முகாம் அதிகாரி தெரிவித்தார்" என்பதை மூன்று இடத்தில் எழுதியிருந்தேன். இரண்டை வெட்டினேன்.

பாண், சம்பல். உறைப்புத் தெரியவில்லை.

ஞாயிறு 10

பேப்பர் ரயிலில் வந்தது. முதற் பக்கம். விமானியின் படம். "எமது திருகோணமலை நிருபர்" என்று தடித்த எழுத்தில்.

கமலம் படத்தைப் பார்த்து, "சிரிக்கிறான் பெடியன்" என்றாள். பிறகு, "என்ர மருந்து?" மறந்துவிட்டேன்.

பின்னேரம் சப்பாத்தில் இருந்த சேற்றைத் தட்டினேன். காய்ந்து மாவாகிவிட்டது.

திங்கள் 11

கிண்ணியாவிலிருந்து ஓர் இளைஞர் பாலையூற்றில் என் வீட்டைத் தேடி வந்தார். பெயர் பாறூக். கையில் நேற்றைய பேப்பரின் துண்டு.

"ஐயா, நீங்கதானே இத எழுதின?"

"ஓம்."

"எங்கட காக்கா, எனக்கு மூத்தவர், சனிக்கிழம சுபஹுத் தொழுகைக்குப் பொறகு நண்டு வலைக்குப் போனவர். இன்னும் வரல்ல. தோணியும் இல்ல."

"பொலிஸில சொன்னீங்களா?"

"சொன்ன. குடாவுக்குள்ள ஒருத்தருக்கும் ஒண்டுமில்ல, பேப்பர்லயும் போட்டிருக்கி எண்டுட்டாங்க. மதினி இந்தத் துண்ட வெச்சிக்கிட்டு ஒருத்தரயும் அழ விடுறா இல்ல. கரையில நிண்டு பாத்த மனிசன் எழுதி இரிக்காரு, அவரவிட ஒங்களுக்குத் தெரியுமா எண்டு கேக்கிறா."

தோணி எப்படி என்று கேட்டேன். முகப்பில் பச்சை, சாக்குப் பாய் என்றார். தேநீர் குடிக்கவில்லை.

அவர் போனபின் குறிப்புப் புத்தகத்தைத் திறந்தேன். சனி, 10.15: "படகுகளுக்குத் தடை. ஆனாலும் தோணி ஆறு. ஒன்றுக்குப் பச்சை முகப்பு, சாக்குப் பாய்."

சேதமில்லை என்ற வரியில் வெட்டியது "என முகாம் அதிகாரி தெரிவித்தார்". மிச்சமாக நின்ற வரி என்னுடையதாகிவிட்டது.

கண்டவை:
ஒன்று, பச்சை முகப்புத் தோணி. அதில் ஓர் ஆள் எழுந்து நின்று அண்ணாந்து பார்த்தார்.
இரண்டு, ஜெட் அந்தப் பக்கமாகச் சரிந்தது.
மூன்று, எழும்பிய தண்ணீர், பிறகு புகை. புகை விலகியபோது அந்த இடத்தில் தோணி இல்லை.

காணாதது: இரண்டுக்கும் மூன்றுக்கும் இடையில் நடந்தது. விழுந்த கணத்தில் நான் கைக்கடிகாரத்தைப் பார்த்தேன். 10.42. முப்பத்தொரு வருசப் பழக்கம்.

செவ்வாய் 12

இருமல் மருந்து வாங்கினேன்.

முகாம் வாசல். அதே அதிகாரி. மரியாதையான மனிதர், கதிரை தந்தார். படகுகளை விலக்கச் சொல்லியிருந்தோம், ஆகவே படகு இருக்கவில்லை என்றார். ஆறு எண்ணினேன் என்றேன். "நீங்கள் எண்ணியிருக்கக் கூடாது" என்று சிரித்தார்.

கொழும்புக்கு ட்ரங்க் கோல். நாற்பது நிமிடம் காத்திருப்பு. செய்தி ஆசிரியர்:

"முகாம் ஒத்துக்கொள்ளட்டும் அண்ணை, உடன போடுவம்."

"சேதமில்லை எண்ட வரி நான் காணாதது."

"கண்டதை மட்டும் போட்டால் பேப்பர் ஒரு பக்கம்தான் வரும். அதோட, செவ்வாய்க்கிழமைக்கு ஜெட் பழசு அண்ணை."

வைத்துவிட்டேன். வெளியே யாரோ ரேடியோவில் கிரிக்கெட்.

வியாழன் 14

பாறூக், அவருடன் அவர்கள் பள்ளிவாசலில் தொழுகை நடத்தும் லெப்பை. முதியவர், மூச்சு வாங்குகிறது. கதிரையில் இருந்து சட்டைக் கையால் முகம் துடைத்தார்.

"புரிசன் மௌத்து எண்டு தெரிஞ்சாத்தான் அந்தப் புள்ள இத்தா இரிக்கலாம் ஐயா, வீட்டோட துக்கம் காக்கிறது. நாலு மாசமும் பத்து நாளும். எண்ணத் தொடங்க ஒரு நாள் வேணும். மையத்தும் இல்ல, கண்ட ஆளும் இல்ல எண்டா, வருசக் கணக்கா அவ பொஞ்சாதியும் இல்ல, கைம்பொண்ணும் இல்ல. இருவத்திரண்டு வயசு."

"இப்ப என்ன செய்யிறா?"

பாறூக் சொன்னார்: "சோறு கட்டிக்கிட்டுத் துறைக்குப் போறா. பின்னேரம் அத மீனுக்குப் போட்டுட்டு வாறா."

தோணிக்காரர் மற்ற ஐந்து பேரும் வாய் திறக்கவில்லையாம். தடையை மீறி நின்றவர்கள்.

"நீங்க வேற சமயம்தான். ஆனா ஒங்கட கதைய ஊர் நம்பும்" என்றார் லெப்பை. "நாளைக்கு ஜும்ஆத் தொழுகைக்குப் பொறகு வாங்க. கண்டத சொல்லுங்க. கண்டத மட்டும்."

வெள்ளி 15

காற்று விழுந்துவிட்டது. புழுக்கம். துறை கடக்க அரை மணி.

பாறூக்கின் காக்காவுடைய மண் வீடு, சுத்தமாகப் பெருக்கிய முற்றம். லெப்பை, பாறூக், ஊர்ப் பெரியவர் இருவர். உள் வாசலில் பூப்போட்ட திரை. அதன் கீழே இரண்டு பாதங்கள் தெரிந்தன. வெறுங்கால். அசையவில்லை.

ஒன்று, இரண்டு, மூன்று என்று வரிசையாகச் சொன்னேன். கண்டபடியே. லெப்பை இடையில் குறுக்கிடவில்லை. முடிந்ததும் கேட்டார்:

"அந்த மனிசன் மௌத்தானத ஒங்கட கண்ணால கண்டீங்களா?"

தண்ணீர் கேட்டேன். செம்பில் தந்தார்கள். முழுவதும் குடித்தேன்.

"ஓம்" என்றேன்.

லெப்பை திகதியைக் கேட்டு எழுதிக்கொண்டார். பெரியவர் ஒருவர் மெல்ல ஓதத் தொடங்கினார்.

திரைக்குப் பின்னாலிருந்து குரல். நான் நினைத்ததைவிடச் சின்னக் குரல்.

"ஐயா. அப்ப பேப்பர்ல ஏன் ஒண்டுமில்ல எண்டு எழுதின?"

"அது நான் காணாமல் எழுதினது, பிள்ளை."

ஓதியவர் நிறுத்தினார்.

"இத கண்டுட்டுத்தானே சொல்லுறீங்க?"

"ஓம்."